மைன்கிராஃப்ட்ல ஃப்ரெண்டு உள்ள வர முடியலையா? ஸ்க்ரீன்ல என்ன எர்ரர் வருதுனு மொதல்ல படிங்க

"ஐபி குடுத்துட்டேன் ப்ரோ, அவனால வர முடியல, என்ன பண்றது?" இப்படித்தான் எல்லாரும் கேக்குறாங்க (ஐபின்னா நெட்ல ஒரு மெஷினோட அட்ரஸ்). எந்த எடிஷன், யாரு ஹோஸ்ட் (வேர்ல்டை தன் மெஷின்ல ஓட்டுறவன்), ஸ்க்ரீன்ல என்ன எழுதி வந்துச்சு, இதுல ஒண்ணு கூட அந்த கேள்வில இருக்காது. அதுக்கு பதில் சொல்றவங்களும் யோசிக்காம "போர்ட் ஃபார்வர்ட் பண்ணு" (வெளிய இருந்து வர்றதை ரவுட்டர் உங்க பிசிக்கு திருப்பி விடுறது) னு சொல்லிட்டு போயிடுவாங்க, இவன் ராத்திரி பூரா ரவுட்டர் பேஜ்ல உக்காந்து நோண்டிட்டு இருப்பான். பாதி பேருக்கு பிரச்சனை ரவுட்டர்லயே இருக்காது. எர்ரர்ல வர்ற அந்த ஒரு வரி எங்க அறுந்துருக்குனு கிட்டத்தட்ட சொல்லிடும், அதனால அதை வெச்சே ஒவ்வொண்ணா பாக்கலாம்.

எர்ரருக்கு முன்னாடி: ரெண்டு பேரும் ஒரே கேம்தான் ஆடுறீங்களா?

இதை கேட்டா கோவம் வரும், ஆனா கேட்டே ஆகணும். மைன்கிராஃப்ட்ல ஜாவா, பெட்ராக் னு ரெண்டு எடிஷன் இருக்கு, ரெண்டும் ஒண்ணுக்கொண்ணு நேரா கனெக்ட் ஆகாது. மொபைல், ப்ளேஸ்டேஷன், எக்ஸ்பாக்ஸ், ஸ்விட்ச் எல்லாமே பெட்ராக். பிசில மட்டும்தான் குழப்பம், ஏன்னா 2022 ஜூன்ல இருந்து பிசிக்கு வாங்குனா ரெண்டும் சேர்ந்தே வருது, லாஞ்சர் தொறந்தா இடது பக்கம் ரெண்டும் தனித்தனியா நிக்கும், பையன் எதை க்ளிக் பண்ணி ஆடிட்டு இருக்கான்னு அவனுக்கே தெரியாது. டைட்டில் ஸ்க்ரீன்ல லோகோவுக்கு கீழ "ஜாவா எடிஷன்" னு இருந்தா ஜாவா, அவ்ளோதான்.

ஃப்ரெண்டு மொபைல்ல இருக்கான், நீங்க பிசில ஜாவால இருக்கீங்கன்னா ஈஸியான வழி நீங்க பெட்ராக்குக்கு மாறிடுறது. இல்ல ஜாவா சர்வர்தான் வேணும்னா அந்த சர்வர்ல கெய்ஸர்னு ஒரு ப்ளகின் போடணும், பெட்ராக் ஆளுங்க ஜாவா சர்வருக்குள்ள வர்றதுக்கு அது வழி பண்ணும். ஆனா ஒரு வழிப் பாதைதான், ஜாவா ஆளு பெட்ராக் வேர்ல்டுக்குள்ள போக அது உதவாது. இன்னொண்ணு, ஜாவா டிசிபி 25565 ல பேசும், பெட்ராக் யூடிபி 19132 ல பேசும் (டிசிபி, யூடிபி ரெண்டும் டேட்டா அனுப்புற முறைங்க, அந்த நம்பர்தான் போர்ட், மெஷினோட கதவு நம்பர் மாதிரி). கெய்ஸர் போட்டுட்டு 25565 மட்டும் தொறந்து வெச்சா மொபைல்காரன் வெளியவே நிப்பான்.

"அவுட்டேட்டட் க்ளையண்ட்" / "அவுட்டேட்டட் சர்வர்"

இது வந்தா சந்தோஷப்படுங்க, நெட்வொர்க் ஓகேன்னு அர்த்தம், வெர்ஷன் மட்டும்தான் தப்பு. அவுட்டேட்டட் க்ளையண்ட்னா உள்ள வர்றவன் பழசுல இருக்கான், அவுட்டேட்டட் சர்வர்னா ஹோஸ்ட் பழசுல இருக்கான். சில வெர்ஷன்ல "இன்கம்பேட்டிபிள் க்ளையண்ட்" னு வரும், பக்கத்துலயே எந்த வெர்ஷன் வேணும்னு நம்பரும் இருக்கும், அதை யாரும் படிக்கிறதில்ல.

ஜாவால இது ரெண்டு நிமிஷ வேலை. லாஞ்சர்ல இன்ஸ்டாலேஷன்ஸ் போய், நியூ இன்ஸ்டாலேஷன் குடுத்து, ஹோஸ்ட் என்ன வெர்ஷனோ அதையே செலக்ட் பண்ணுங்க. கடைசி நம்பர் மட்டும் வேற மாதிரி இருந்தா சில சமயம் ஓடும், 1.20 ம் 1.20.1 ம் சேரும், 1.21 ம் 1.21.1 ம் சேரும், ஆனா 1.21.1 ம் 1.21.2 ம் சேராது. அதனால குத்துமதிப்பா போகாம அப்படியே ஒரே நம்பர் போட்டுருங்க. வர்றவன் வெர்ஷனை மாத்துறதுதான் நல்லது. ஹோஸ்ட் தன்னோட வேர்ல்டை பழைய வெர்ஷன்ல தொறந்தா வீடெல்லாம் காணாம போக வாய்ப்பு இருக்கு, சேவ்ஸ் ஃபோல்டரை காப்பி எடுத்து வெக்காம அதை மட்டும் பண்ணிடாதீங்க.

பெட்ராக்ல இந்த சுதந்திரம் இல்ல, ஸ்டோர்ல என்ன இருக்கோ அதான். அப்டேட் வந்த அன்னிக்கு ஒருத்தனுக்கு வந்துரும், இன்னொருத்தனுக்கு சாயங்காலம்தான் வரும். ப்ளே ஸ்டோர்ல மைன்கிராஃப்ட் பேஜை தொறந்து அப்டேட் பட்டன் இருக்கானு பாருங்க, இல்லேன்னா காத்திருக்க வேண்டியதுதான். ஒருத்தன் ப்ரிவியூ (வெளியாகுறதுக்கு முன்னாடி டெஸ்ட் பண்ற) வெர்ஷன்ல இருந்தாலும் சேராது.

"கனெக்‌ஷன் ரெஃப்யூஸ்ட்"

இதையும் அடுத்து வர்ற "டைம்ட் அவுட்" டையும் எல்லாரும் ஒண்ணுனு நெனைக்கிறாங்க. ரெண்டும் வேற வேற வியாதி. ரெஃப்யூஸ்ட்னா கதவைத் தட்டுனதும் ஒருத்தர் வந்து "அப்படி யாரும் இங்க இல்லீங்க" னு சொல்லிட்டாரு. டைம்ட் அவுட்னா தட்டிட்டே இருக்கீங்க, உள்ள இருந்து சத்தமே இல்ல.

அதனால ரெஃப்யூஸ்ட் வந்தா பெரும்பாலும் உங்க கோரிக்கை ஒரு மெஷின் வரைக்கும் போயிருச்சு, அந்த போர்ட்ல கேம்தான் காத்துட்டு இல்ல. மொத சந்தேகம் போர்ட் நம்பர். "ஓபன் டு லேன்" (ஒரே வீட்டு நெட்வொர்க்ல இருக்குறவங்களுக்கு வேர்ல்டை தொறந்து விடுறது) குடுத்து வேர்ல்டை தொறந்தீங்கன்னா சாட்ல "லோக்கல் கேம் ஹோஸ்டட் ஆன் போர்ட்" னு ஒரு வரி வரும், பக்கத்துல அஞ்சு இலக்க நம்பர் இருக்கும். அது 25565 இல்ல, சும்மா ஏதோ ஒரு நம்பர், அதுவும் ஒவ்வொரு தடவை தொறக்கும்போதும் மாறும். நேத்து ஆடுனானே இன்னிக்கு ஏன் வரலேன்னா காரணம் இதுதான், அவன் நேத்து நம்பரை வெச்சுட்டு முட்டிட்டு இருப்பான். ஐபி, அப்புறம் ஒரு முக்காற்புள்ளி, அப்புறம் அந்த புது நம்பர், நடுவுல ஸ்பேஸ் இல்லாம. புது வெர்ஷன்கள்ல லேன் ஸ்க்ரீன்லயே போர்ட் நம்பரை நாமளே டைப் பண்ணிக்கலாம், தெனமும் ஒரே நம்பர் போட்டுட்டா இந்த தொல்லையே இல்ல.

தனி சர்வர் (வேர்ல்டை மட்டும் ஓட்டுற தனி ப்ரோக்ராம்) ஓட்டுறீங்கன்னா கன்சோல்ல, அதாவது அந்த சர்வரோட எழுத்து விண்டோல, "டன்!" னு ஆரம்பிக்கிற வரி வந்துச்சானு பாருங்க. வேர்ல்டு லோட் ஆகி முடிச்சப்புறம்தான் அது வரும், அதுக்கு முன்னாடி யாரு வந்தாலும் உள்ள விடாது. டன் வராம "ஃபெய்ல்டு டு பைண்ட் டு போர்ட்" னு வந்தா ரெண்டு காரணம். ஒண்ணு, பழைய சர்வர் இன்னும் பின்னாடி ஓடிட்டு இருக்கு, டாஸ்க் மேனேஜர்ல போய் மிச்சம் இருக்குற ஜாவாவை முடிச்சு விடுங்க. இன்னொண்ணு, சர்வர் ப்ராப்பர்ட்டீஸ் ஃபைல்ல "சர்வர் ஐபி" னு ஒரு வரி இருக்கும், யாரோ சொன்னாங்கனு அதுல வெளி ஐபியை போட்டு வெச்சிருப்பீங்க. அதை காலியா விடணும், அங்க ஒண்ணுமே எழுதக்கூடாது.

"கனெக்‌ஷன் டைம்ட் அவுட்"

இதுதான் பெரிய ஆளு. இதுக்கு ஒரு வரிசை இருக்கு, அந்த வரிசைல போனா எங்க அடைச்சிருக்குனு தானா தெரிஞ்சிரும்.

மொதல்ல ஹோஸ்ட் தன்னோட பிசில இன்னொரு தடவை கேமை தொறந்து "லோக்கல்ஹோஸ்ட்" னு அட்ரஸ் குடுத்து பாக்கணும். இதெல்லாம் தனி சர்வர் ஓட்டுறவங்களுக்கு. அதுலயே வரலேன்னா சர்வர்லதான் பிரச்சனை, நெட்டை திட்டாதீங்க. அதுல வந்துச்சுன்னா அடுத்து அதே வீட்டு வைஃபைல இருக்குற இன்னொரு லேப்டாப்ல இருந்து 192.168 னு ஆரம்பிக்கிற உள் ஐபியை போட்டு பாருங்க. கமாண்ட் ப்ராம்ப்ட்ல ஐபிகான்ஃபிக் அடிச்சா ஐபிவி4 அட்ரஸ்னு வருமே அதுதான். இதுல மாட்டுச்சுன்னா விண்டோஸ் ஃபயர்வால். மொத தடவை சர்வர் ஓடும்போது அனுமதி கேட்டு ஒரு பெட்டி வந்திருக்கும், அதுல கேன்சல் அடிச்சிருப்பீங்க. ஃபயர்வால்ல "அலௌ அன் ஆப்" போய் ஜாவாவுக்கு டிக் போடுங்க, அதோட உங்க வைஃபை "பப்ளிக்" னு இருந்தா "ப்ரைவேட்" க்கு மாத்துங்க. ப்ரைவேட்டுக்கு மட்டும் டிக் போட்டுட்டு வைஃபை பப்ளிக்ல கெடந்தா டிக் போட்டும் பிரயோஜனம் இல்ல.

வீட்டுக்குள்ள வருது, வெளிய இருக்குறவன்தான் வர முடியலேன்னா இப்பதான் ரவுட்டர் பக்கம் போகணும். ஆனா போர்ட் ஃபார்வர்டுல கை வெக்குறதுக்கு முன்னாடி ஒரே ஒரு விஷயம் பாருங்க, கெஞ்சி கேக்குறேன். ரவுட்டர் பேஜ்ல ஸ்டேட்டஸ்னு ஒரு இடத்துல "வேன் ஐபி" னு இருக்கும், ரவுட்டரோட வெளிப் பக்கத்துக்கு குடுத்திருக்குற ஐபி. அதை எழுதி வெச்சுக்கோங்க. அப்புறம் கூகுள்ல உங்க ஐபி என்னன்னு தேடி வர்ற நம்பரை பக்கத்துல வெச்சு பாருங்க. ரெண்டும் ஒண்ணா இருந்தா போர்ட் ஃபார்வர்ட் வேலை செய்யும், 25565 டிசிபியை உங்க பிசியோட உள் ஐபிக்கு திருப்பி விடுங்க, ரவுட்டர்ல அந்த பிசிக்கு எப்பவும் ஒரே ஐபி குடுக்குற மாதிரி ரிசர்வ் பண்ணிடுங்க, இல்லேன்னா ரீஸ்டார்ட் ஆனதும் ஐபி மாறி மறுபடி மொதல்ல இருந்து. ஃபார்வர்ட் பண்ணிட்டு நீங்களே உங்க வெளி ஐபியை போட்டு டெஸ்ட் பண்ணி வரலேன்னு பதறாதீங்க, பல ரவுட்டர் உள்ள இருந்து அப்படி சுத்தி வர விடாது. வெளிய இருக்குறவனைத்தான் ட்ரை பண்ண சொல்லணும், இல்லேன்னா உங்க மொபைல் டேட்டால இருந்து.

ரெண்டு நம்பரும் வேற வேறயா? வேன் ஐபி 192.168 ல ஆரம்பிச்சா உங்க ரவுட்டருக்கு முன்னாடி இன்னொரு ரவுட்டர் இருக்கு, பெரும்பாலும் ஃபைபர்காரங்க மாட்டுன பொட்டி. அதை ப்ரிட்ஜ் மோடுல (ரவுட்டர் வேலை பாக்காம நெட்டை மட்டும் கடத்தி விடுறது) போட சொல்லணும், இல்லேன்னா ரெண்டுலயும் ஃபார்வர்ட் பண்ணணும். வேன் ஐபி 100.64 ல இருந்து 100.127 க்குள்ள இருந்தா, சில இடத்துல 10 ல ஆரம்பிச்சாலும், அது சிஜிநாட். அதாவது வெளி ஐபி ஒண்ணுதான், அதை கம்பெனிக்காரங்க நெறைய வீட்டுக்கு பங்கு போட்டு குடுத்திருக்காங்க, ஐபிவி4 அட்ரஸ் பத்தாததால வந்த வினை. அந்த பங்கு போடுற மெஷின் அவங்க ஆபீஸ்ல இருக்கு, உங்க ரவுட்டர்ல நீங்க என்ன ஃபார்வர்ட் பண்ணாலும் அங்க எதுவும் மாறாது. நம்ம ஊர்ல கேபிள்காரர் குடுக்குற லைன்ல ஆரம்பிச்சு பெரிய ஃபைபர் வரைக்கும் இது சகஜம், மொபைல் நெட் ஹாட்ஸ்பாட்ல ஹோஸ்ட் பண்றதும் இதனாலதான் நடக்காது. சிஜிநாட்ல இருந்துட்டு மத்தவங்க சர்வர்ல போய் சேர்றதுக்கு ஒரு தடையும் இல்ல, ஹோஸ்ட் பண்றதுதான் முடியாது. இது தெரியாமத்தான் பாதி பேரு ரவுட்டரை ரீசெட் பண்ணி வீட்டுல எல்லாருக்கும் நெட் இல்லாம பண்ணி திட்டு வாங்குறாங்க.

அப்ப என்ன பண்ணலாம்? காசே ஆகாத வழி, ஹோஸ்ட்டை மாத்துங்க. கேங்ல யாரோ ஒருத்தன் வீட்டுல பப்ளிக் ஐபி இருக்கும், எல்லாரும் அந்த ரெண்டு நம்பர் டெஸ்ட்டை பண்ணி பாருங்க, வேர்ல்டு ஃபோல்டரை ஜிப் பண்ணி அவனுக்கு அனுப்புங்க. அப்படி யாரும் இல்லேன்னா டெய்ல்ஸ்கேல், ராட்மின் விபிஎன், ஹமாச்சி மாதிரி ஏதாவது ஒண்ணை எல்லாரும் போட்டுக்கோங்க, எல்லாரும் ஒரே வீட்டுல இருக்குற மாதிரி ஆயிடும், ஹோஸ்ட்டுக்கு அந்த ஆப் குடுக்குற ஐபியைத்தான் மத்தவங்க டைப் பண்ணணும். ஹமாச்சி ஃப்ரீல ஒரு நெட்வொர்க்குக்கு அஞ்சு பேர்தான். டெய்ல்ஸ்கேல் குடுக்குற ஐபியும் 100 ல ஆரம்பிக்கும், சிஜிநாட் ரேஞ்சையேதான் அதுவும் யூஸ் பண்ணுது, அதை பாத்து குழம்பாதீங்க. அதுல லேன் லிஸ்ட்ல வேர்ல்டு தானா தெரியாது, டைரக்ட் கனெக்‌ஷன்ல போர்ட்டோட அடிச்சாத்தான் உண்டு.

ஃப்ரெண்ட்ஸ் எல்லாரையும் ஒரு ஆப் போட வெக்கிறது ஆகாத காரியம்னா ப்ளேஇட் மாதிரி டன்னல் சர்வீஸ் பாருங்க, ஹோஸ்ட் மட்டும் போட்டா போதும், ஒரு அட்ரஸ் குடுக்கும், அதை அனுப்பிட்டா முடிஞ்சுது, என்ன, பிங் (பதில் வர்ற தாமதம்) கொஞ்சம் ஏறும். தெனமும் ஆடுற கேங்னா கம்பெனிக்காரங்ககிட்ட ஸ்டாட்டிக் ஐபி கேட்டு மாசம் கொஞ்சம் எக்ஸ்ட்ரா கட்டலாம், இல்ல அந்த காசை ஷேர் பண்ணி ரெல்ம்ஸோ (மைன்கிராஃப்ட்காரங்களே குடுக்குற சர்வர்) வேற வாடகை சர்வரோ எடுத்துடலாம். என்னை கேட்டா ரெண்டாவதுதான், ஹோஸ்ட் தூங்கப் போனாலும் மத்தவங்க ஆடலாம். ஏட்டர்னாஸ் மாதிரி ஃப்ரீ சர்வரும் இருக்கு, ஆனா அது ஆள் இல்லேன்னா தானா அணைஞ்சிரும், யாராவது சைட்ல போய் ஸ்டார்ட் அழுத்துனாத்தான் ஓடும். "நேத்து வந்துச்சு இன்னிக்கு வரல" கேஸ்ல இதுவும் ஒண்ணு.

ஒரே வைஃபை, ஆனா லேன் லிஸ்ட்ல வேர்ல்டு தெரியல

ஜாவால ஹோஸ்ட் பிசி "நான் இங்க இருக்கேன்" னு மல்டிகாஸ்ட்ல கூவிட்டே இருக்கும், 224.0.2.60 அட்ரஸ், 4445 போர்ட். நெறைய ரவுட்டர்ல, முக்கியமா கெஸ்ட் வைஃபைலயும் ஹாஸ்டல், காலேஜ் வைஃபைலயும், ஒரு டிவைஸ் இன்னொரு டிவைஸை பாக்க முடியாத மாதிரி வெச்சிருப்பாங்க. வீட்டு ரவுட்டர்னா ஏபி ஐசோலேஷன்னு ஒரு ஆப்ஷன் இருக்கும், அதை ஆஃப் பண்ணுங்க. விபிஎன் எது ஓடுனாலும் அணைச்சிட்டு பாருங்க. லிஸ்ட்ல தெரியலேன்னாலும் டைரக்ட் கனெக்‌ஷன்ல உள் ஐபியும் போர்ட்டும் அடிச்சு பாருங்க, பல தடவை அதுலயே வந்துரும்.

ஹாஸ்டல்னா வார்டன்கிட்ட போய் ஐசோலேஷனை எடுங்க சார்னு கேக்கவா முடியும்? ஒருத்தன் மொபைல்ல ஹாட்ஸ்பாட் போடுங்க, எல்லா லேப்டாப்பையும் அதுல சேருங்க, லேன்ல ஆடலாம். லாகின் ஆகத்தான் கொஞ்சம் டேட்டா போகும், கேம் உங்களுக்குள்ளயே ஓடும்.

"இன்வேலிட் செஷன்", "ஃபெய்ல்டு டு வெரிஃபை யூசர்நேம்"

இன்வேலிட் செஷன்னா கேமையும் லாஞ்சரையும் ரெண்டையும் மூடிட்டு திரும்ப தொறங்க, போகலேன்னா லாக் அவுட் பண்ணி லாகின் பண்ணுங்க. கம்ப்யூட்டர்ல நேரம் தப்பா இருந்தாலும் லாகின் சொதப்பும், பழைய பிசில சீமாஸ் பேட்டரி (கடிகாரத்தை ஓட்டுற சின்ன பேட்டரி) போனா தேதி எங்கயோ போய் நிக்கும், ஒரு தடவை கடிகாரத்தை பாத்துக்கோங்க. அண்ணன் தம்பி ரெண்டு பேரும் ஒரே அக்கவுண்ட்ல ஆடுனா ஒருத்தன் வந்ததும் இன்னொருத்தன் வெளிய விழுவான், அது பிழை இல்ல. பழைய மொஜாங் (மைன்கிராஃப்ட் கம்பெனி) அக்கவுண்ட்டை மைக்ரோசாஃப்ட்டுக்கு மாத்தாமலே விட்டிருந்தா, 2023 செப்டம்பரோட அதுக்கு கதவு சாத்திட்டாங்க.

ஃபெய்ல்டு டு வெரிஃபை வந்தா வர்றவன் காசு குடுத்து வாங்காத லாஞ்சர்ல இருக்கலாம். உடனே எல்லாரும் சொல்றது சர்வர்ல "ஆன்லைன் மோடு" (அக்கவுண்ட் நெஜமானு செக் பண்ற செட்டிங்) ஃபால்ஸ் பண்ணு. பண்ணா வருவான்தான். ஆனா அப்புறம் யாரு வேணா யாரு பேருல வேணா உள்ள வரலாம், உங்க பேரை போட்டுட்டு வந்து அட்மின் பவரோட ஊரையே கொளுத்திட்டு போகலாம், வைட்லிஸ்ட் (உள்ள விடலாம்னு போட்ட பேரு லிஸ்ட்) கூட பேரைத்தான் பாக்கும், அதனால அதுவும் காப்பாத்தாது. தெரியாத ஆளுங்களுக்கு அட்ரஸ் போன சர்வர்ல இதை செய்யாதீங்க.

"நாட் வைட்-லிஸ்டட்" னு வந்தா கன்சோல்ல "வைட்லிஸ்ட் ஆட்" அடிச்சு பேரை போடுங்க, முடிஞ்சுது. கெய்ஸரோட ஃப்ளட்கேட்டும் (ஜாவா அக்கவுண்ட் இல்லாத பெட்ராக் ஆளுங்களை உள்ள விடுற ப்ளகின்) போட்டிருந்தா மொபைல்ல வர்றவங்க பேருக்கு முன்னாடி ஒரு புள்ளி சேர்ந்துரும், அந்த புள்ளியை விட்டுட்டு சேத்தா அவன் வெளியதான் நிப்பான்.

பெட்ராக்: ஃப்ரெண்ட்ஸ் டாப்ல பேரு இருக்கு, வேர்ல்டு இல்ல. இல்லேன்னா "அனேபிள் டு கனெக்ட் டு வேர்ல்டு"

ரெண்டு பேரும் மைக்ரோசாஃப்ட் அக்கவுண்ட்ல சைன் இன் பண்ணிருக்கீங்களா, ஃப்ரெண்ட் ரிக்வெஸ்ட் ரெண்டு பக்கமும் ஓகே ஆயிருக்கா பாருங்க. அப்புறம் ஹோஸ்ட் வேர்ல்டு செட்டிங்ஸ்ல மல்டிப்ளேயர்னு போய் "மல்டிப்ளேயர் கேம்" ஆன் பண்ணி, யாரெல்லாம் வரலாம்ங்கிறதுல "இன்வைட் ஒன்லி" இல்லாம "ஃப்ரெண்ட்ஸ்" னு வெக்கணும். மொபைல் டேட்டால ஆடுறவங்களுக்கு கேம் செட்டிங்ஸ்லயே செல்லுலார் டேட்டா யூஸ் பண்ணலாமானு ஒரு ஸ்விட்ச் இருக்கு, அது ஆஃப்ல இருந்தா வைஃபை இல்லாதப்ப ஆன்லைன் வேலை செய்யாது. கேம் கன்சோல்ல இருக்குறவங்களுக்கு ப்ளேஸ்டேஷன் ப்ளஸ், ஸ்விட்ச் ஆன்லைன் மாதிரி சந்தா உயிரோட இருக்கானும் பாக்கணும்.

சின்ன பசங்களுக்கு வர்றது வேற. "உங்க மைக்ரோசாஃப்ட் அக்கவுண்ட் செட் அப் ஆகிருக்குற விதத்தால ஆன்லைன் மல்டிப்ளேயர் ஆட முடியாது" ங்கிற அர்த்தத்துல ஒரு இங்கிலீஷ் வரி வரும், ஜாவால "மல்டிப்ளேயர் இஸ் டிஸேபிள்டு" னு வரும். இதுக்கு ரவுட்டரும் காரணம் இல்ல கேமும் காரணம் இல்ல, அது குழந்தை அக்கவுண்ட். அப்பாவோ அம்மாவோ தங்களோட அக்கவுண்ட்ல எக்ஸ்பாக்ஸ் சைட்டுக்கு போய், ப்ரைவசி பக்கத்துல அந்த பையனை செலக்ட் பண்ணி, மல்டிப்ளேயர்ல சேரலாம், எக்ஸ்பாக்ஸுக்கு வெளிய இருக்குறவங்களோட ஆடலாம்ங்கிற ரெண்டையும் "அலௌ" பண்ணணும். ரெண்டாவதை விட்டுட்டா ஸ்விட்ச்லயோ ப்ளேஸ்டேஷன்லயோ இருக்குற ஃப்ரெண்டோட சேர முடியாது. மாத்துனதும் கேம்ல சைன் அவுட் பண்ணி திரும்ப சைன் இன் பண்ணாத்தான் புடிக்கும்.

இதெல்லாம் சரியா இருந்தும் கனெக்ட் ஆகலேன்னா நாட் டைப் (உங்க நெட் வெளி ஆளுங்களை எவ்ளோ உள்ள விடுதுங்கிற அளவு) பாருங்க. எக்ஸ்பாக்ஸ்ல "ஸ்ட்ரிக்ட்", ப்ளேஸ்டேஷன்ல "டைப் 3" னு இருந்தா தகராறு. ரவுட்டர்ல யூபிஎன்பி (வேண்டிய போர்ட்டை தானா தொறந்து விடுற ஆப்ஷன்) ஆன் பண்ணி ரவுட்டரையும் கன்சோலையும் ரீஸ்டார்ட் பண்ணுங்க. ரெண்டு பக்கமும் ஸ்ட்ரிக்ட்னா ஒருத்தராவது சரி பண்ணியே ஆகணும், இல்லேன்னா ரெல்ம்ஸ்.

உள்ள வர்றான், கொஞ்ச நேரத்துல விழுந்துடறான்

சர்வர் கன்சோல்ல "கான்ட் கீப் அப்!" னு வரிசையா வந்துட்டு இருந்தா பிசி மூச்சு வாங்குது. சர்வர் ப்ராப்பர்ட்டீஸ்ல வியூ டிஸ்டன்ஸ் (எவ்ளோ தூரம் வரைக்கும் வேர்ல்டை காட்டணுங்கிறது) 10 ல இருக்கும், 6 ஆக்கி பாருங்க. கன்சோல் அமைதியா இருந்தும் ஒருத்தன் மட்டும் விழுந்தான்னா அவன் வைஃபைதான், கேபிள் போட்டு பாக்க சொல்லுங்க.

மாட் (கேமை மாத்துற எக்ஸ்ட்ரா ஃபைல்) போட்ட சர்வர்னா வர்ற வேகத்துலயே தூக்கி வெளிய போடும். மாட்டை ஓட வெக்கிற ஃபோர்ஜ், ஃபேப்ரிக் ரெண்டும் சேராது, மாட் பேரு மட்டும் இல்ல அதோட வெர்ஷனும் ஒண்ணா இருக்கணும், ஹோஸ்ட் தன்னோட மாட்ஸ் ஃபோல்டரை அப்படியே ஜிப் பண்ணி அனுப்புறதுதான் வேகமான வழி. சோடியம், மினிமேப் மாதிரி நம்ம ஸ்க்ரீனுக்கு மட்டும் வேலை செய்யுற மாட் வேற வேற இருந்தா பரவால்ல.

இவ்ளோ பாத்தும் புடிபடலேன்னா கேம் ஃபோல்டர்ல லாக்ஸ்னு ஒண்ணு இருக்கும், அதுல லேட்டஸ்ட்ங்கிற ஃபைலோட கடைசி பக்கத்தை எடுத்து யார்கிட்டயாவது காட்டுங்க. காட்டுறதுக்கு முன்னாடி அதுல இருக்குற ஐபி அட்ரஸை அழிச்சிடுங்க.